தாயிடமிருந்து வராத தாய்மொழி

1801-ஆம் ஆண்டு பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையை மீண்டும் எழுப்பி, ஆங்கிலேயரை எதிர்த்து நின்ற படைக்குத் தலைமை தாங்கியவர் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை. அந்தப் போரில் எதிரணியில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ் என்ற ஆங்கிலேயப் படை அதிகாரி, பிற்காலத்தில் எழுதிய நினைவுக் குறிப்புகளில் ஊமைத்துரையை வியந்து போற்றியிருக்கிறார். காது கேளாத, வாய் பேசாத அந்த மெலிந்த இளைஞரின் சிறு சைகைகூட ஆணையாக மதிக்கப்பட்டது என்றும், அவர் தலைமை ஏற்காத ஆலோசனைக் கூட்டமே இல்லை என்றும் அவர் பதிவு செய்கிறார். வைக்கோல் துணுக்குகள் சிலவற்றை இடது உள்ளங்கையில் அடுக்கி, இதுதான் ஆங்கிலேயர் படை என்று ஊமைத்துரை காட்டுவாராம். பிறகு மறு கையால் அவற்றை ஒரே வீச்சில் தள்ளிவிடுவாராம். அதுவே தாக்குதலுக்கான கட்டளை.

ஊமைத்துரையின் வீரத்தைத் தமிழகம் மறக்கவில்லை. ஆனால், அந்தச் செய்தியில் அடங்கியுள்ள இன்னோர் உண்மையை நாம் அதிகம் எண்ணிப் பார்த்ததில்லை. ஒரு படையே அவருடைய கைகளைப் படிக்கக் கற்றிருந்தது. வீரர்களுக்கு அவர் மொழி புரிந்ததால், அவர் தளபதியாக இருக்க முடிந்தது. கேளாமை ஒருவருடைய காதில் இருக்கிறது. 'ஊமை' என்னும் நிலையோ அவரைச் சுற்றியிருப்பவர்களால் உண்டாக்கப்படுகிறது. காது கேளாதோரின் மொழி, பண்பாடு, அடையாளம் ஆகியவை குறித்த விவாதங்கள் அனைத்தும் இந்த வேறுபாட்டிலிருந்தே தொடங்க வேண்டும்.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் செவித்திறன் குறையுடையோர் ஏறத்தாழ 50.7 லட்சம் பேர். 2001 கணக்கெடுப்பில் இந்த எண்ணிக்கை சுமார் 12.6 லட்சம்தான். பத்தாண்டுகளில் நான்கு மடங்கு பேருக்குக் காது கேளாமல் போய்விடவில்லை. கணக்கெடுப்பின் வரையறை விரிந்ததும் இதற்கு ஒரு காரணம். எண்களோடு வாழ்நாளைக் கழித்தவன் என்ற முறையில் என் கவனத்தை ஈர்ப்பது வேறொன்று. இவர்கள் உடற்குறையின் பெயரால் எண்ணப்படுகிறார்கள். ஒரு மொழியைப் பேசும் மக்களாக நம் பொதுப்புத்தியில் இன்னும் பதியவில்லை.

சைகைமொழி பற்றி நம்மிடையே மூன்று தவறான எண்ணங்கள் உள்ளன. உலகம் முழுவதற்கும் ஒரே சைகைமொழிதான் என்பது முதலாவது. அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் பேசப்படுவது ஆங்கிலமே; ஆனால், அமெரிக்கச் சைகைமொழி பிரெஞ்சுச் சைகைமொழியின் வழி வந்தது. ஆகவே, அந்நாட்டுக் காது கேளாதோரும் பிரிட்டன் காது கேளாதோரும் தத்தம் சைகைமொழியில் உரையாடினால் ஒருவரையொருவர் எளிதில் புரிந்துகொள்ள இயலாது. ஆங்கில எழுத்துகளைக் காட்டுவதற்கு அமெரிக்கர்கள் ஒரு கையையும், பிரிட்டனில் இரு கைகளையும் பயன்படுத்துகின்றனர். இந்தியச் சைகைமொழி இரு கை முறையைப் பின்பற்றுகிறது.

பேச்சுமொழியை அப்படியே கைகளில் பெயர்ப்பதுதான் சைகைமொழி என்பது இரண்டாவது எண்ணம். இந்தியச் சைகைமொழியில் வினாச்சொல் பெரும்பாலும் வாக்கியத்தின் இறுதியில் வரும். 'இல்லை' என்னும் பொருள் தரும் சைகையும் இறுதியிலேயே நிற்கும். 'இவர் ஆசிரியர்' என்று சொல்லத் தமிழுக்கு எப்படி இடையில் ஒரு வினைச்சொல் தேவையில்லையோ, அப்படியே அதற்கும் தேவையில்லை. இந்த ஒற்றுமைகளைக் காணும் தமிழருக்கு அது நமக்கு நெருங்கிய மொழி என்று தோன்றலாம். ஆனால், அது தமிழும் அன்று, இந்தியும் அன்று. தனக்கென இலக்கணம் கொண்ட தனிமொழி. வெளியை அது பயன்படுத்தும் விதமே வேறு. பேசுபவர் தமக்கு வலப்புறம் அண்ணனையும் இடப்புறம் தம்பியையும் 'நிறுத்தி'விட்டால், யார் யாருக்குப் பணம் கொடுத்தார் என்பதைக் கையின் திசையே சொல்லிவிடும். நாம் வேற்றுமை உருபுகளால் செய்யும் வேலையை அங்கு இடமும் திசையும் செய்கின்றன.

சைகை என்பது வெறும் அபிநயம், மொழிக்குரிய நுட்பம் அதற்கு இல்லை என்பது மூன்றாவது எண்ணம். பரதநாட்டிய முத்திரைகளைக் கண்டு பழகிய நம் நாட்டில் இந்த மயக்கம் இயல்பானதே. ஆனால், முத்திரைகளைக் கொண்டு எவரும் காய்கறிக்குப் பேரம் பேசுவதில்லை. பக்கத்து வீட்டாரோடு சண்டையிடுவதில்லை. சைகைமொழியில் பேரம் பேசலாம், பொய் சொல்லலாம், வசை பாடலாம், கவிதை படைக்கலாம், கணிதமும் கற்பிக்கலாம். 1960-இல் அமெரிக்க அறிஞர் வில்லியம் ஸ்டோக்கோ, கையின் வடிவம், அது நிற்கும் இடம், அதன் அசைவு என்று சைகைச் சொல்லைப் பகுத்துக் காட்டினார். உள்ளங்கை நோக்கும் திசையும் முகக்குறிப்பும் பின்னர் சேர்த்து ஆராயப்பட்டன. 'கல்' என்பதில் முதல் ஒலியை மாற்றினால் 'பல்' ஆவது போல, இவற்றுள் ஒன்றை மாற்றினால் சைகைச் சொல்லின் பொருளே மாறிவிடும். எழுத்து, சொல் என்று மொழியை அடுக்கடுக்காகக் காணும் தொல்காப்பிய மரபில் வந்த நமக்கு இது புரியாத செய்தியன்று.

மொழி இருக்கும் இடத்தில் பண்பாடும் இருக்கும். காது கேளாதோர் மாலையில் கூடும் இடங்களைக் கவனித்தால், நல்ல வெளிச்சம் விழும் இடமாக அது இருக்கும். இருட்டு அவர்களுடைய உரையாடலைத் துண்டித்துவிடும். அறையில் இருப்பவரை அழைக்க விளக்கை அணைத்து ஏற்றுவார்கள். பாராட்ட வேண்டுமெனில் கை தட்டாமல், இரு கைகளையும் உயர்த்தி அசைப்பார்கள். ஒருவருடைய பெயரை எழுத்தெழுத்தாகக் காட்டுவதற்கு மாறாக, அவருடைய தோற்றத்தையோ பழக்கத்தையோ ஒட்டிய ஒரு 'சைகைப் பெயரை' அவருக்குச் சூட்டுவார்கள். ரயில் புறப்படும் நேரத்தில் வழியனுப்ப வந்தவர்கள் மூடிய கண்ணாடிச் சன்னலுக்கு வெளியே நின்று கத்திக்கொண்டிருக்க, சைகைமொழி அறிந்த இருவர் அதே கண்ணாடியின் வழியே நிதானமாகக் குடும்பச் செய்தி பேசி முடிப்பதை நான் எழும்பூர் நிலையத்தில் பார்த்திருக்கிறேன். அந்த நிமிடத்தில் குறையுடையோர் யார் என்ற கேள்வி எழாமல் இருக்காது.

இந்த வாழ்முறையைத் தம் அடையாளமாகக் கொள்பவர்களைக் குறிக்க, ஆங்கிலத்தில் காது கேளாதோர் என்னும் சொல்லின் முதல் எழுத்தைப் பெரிய எழுத்தாக எழுதும் வழக்கம் 1970-களில் தோன்றியது. சிறிய எழுத்தில் எழுதினால் அது காதின் நிலை. பெரிய எழுத்தில் எழுதினால் ஒரு சமூகத்தின் பெயர். தமிழில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்னும் பாகுபாடு இல்லை. நம்மிடம் இருப்பவை 'செவிடன் காதில் ஊதிய சங்கு', 'ஊமை கண்ட கனவு' போன்ற வழக்குகளே. கனவு கண்டவர் அதைச் சொல்லத் தெரியாதவர் என்று அந்த வழக்கு கருதுகிறது. அவர் சொல்லும் மொழி நமக்குத் தெரியவில்லை என்பதே உண்மை.

இந்தச் சமூகத்துக்கும் மற்ற மொழிச் சமூகங்களுக்கும் இடையே அடிப்படையான ஒரு வேறுபாடு உண்டு. நம் மொழி நமக்குத் தாயின் மடியில் கிடைத்தது. காது கேளாத குழந்தைகளில் பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்டவை காது கேட்கும் பெற்றோருக்குப் பிறப்பவை என்று ஆய்வுகள் கூறுகின்றன. அந்தத் தாய்க்குச் சைகைமொழி தெரியாது. குழந்தைக்கோ அவளுடைய பேச்சு எட்டாது. ஆகவே, பிற மொழிகள் வீட்டில் கைமாறுவது போல, இந்த மொழி வீட்டில் கைமாறுவதில்லை. பள்ளி விடுதியிலும், விளையாட்டுத் திடலிலும், மூத்த மாணவர்களிடமிருந்து இளையவர்களுக்கு அது போய்ச் சேர்கிறது. தாயிடமிருந்து வராத தாய்மொழி என்று இதைச் சொல்லலாம். இந்த ஒரு செய்தியை உணர்ந்துகொண்டால், காது கேளாதோர் தங்கள் பள்ளிகளை ஏன் சொந்த ஊரைப் போலப் போற்றுகிறார்கள் என்பது விளங்கும்.

நிகரகுவா நாட்டு வரலாறு இதற்குச் சிறந்த சான்று. 1970-களின் இறுதிவரை அங்குள்ள காது கேளாத குழந்தைகள் தத்தம் வீடுகளில் தனித்தனியே, குடும்பத்தார்க்கு மட்டும் புரியும் சில சைகைகளோடு வாழ்ந்துவந்தனர். தலைநகர் மனாகுவாவில் அவர்களுக்கெனப் பள்ளி விரிவடைந்தபோது, முதன்முறையாகப் பெருந்தொகையில் ஓரிடத்தில் கூடினர். ஆசிரியர்கள் உதட்டசைவைப் படிக்கவும் ஸ்பானிய மொழியைப் பேசவும் பயிற்றுவிக்க முயன்றனர். அது பெரிதாகப் பலன் தரவில்லை. ஆனால், விளையாட்டுத் திடலிலும் பள்ளிப் பேருந்திலும் பிள்ளைகள் தமக்குள் ஒரு மொழியை உருவாக்கிக்கொண்டனர். பின்னர் வந்த சிறுவர்கள் அதன் இலக்கணத்தை இன்னும் செழுமையாக்கினர். 1980-களில் மொழியியலாளர்கள் அங்கு சென்றபோது, ஒரு புதிய மொழி தம் கண்ணெதிரே பிறந்துகொண்டிருந்ததைக் கண்டனர். மொழி பிறக்க ஓசை கட்டாயமில்லை. குழந்தைகள் கூடுவதற்கு ஓரிடம் கட்டாயம்.

ஆனால், அந்த இடத்திலேயே சைகைமொழிக்குத் தடை விதித்ததுதான் கல்வி வரலாற்றின் பெருந்துயரம். 1880-இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய காது கேளாதோர் கல்வி மாநாடு, பேச்சுப் பயிற்சி முறையே உயர்ந்தது என்றும் சைகையைக் கைவிட வேண்டும் என்றும் தீர்மானித்தது. அங்கு கூடியிருந்தவர்களில் காது கேளாதோர் ஓரிருவரே. எவருடைய மொழியைப் பற்றி முடிவெடுத்தார்களோ, அவர்களுக்கு அம்முடிவில் இடமில்லை. அதன் பிறகு பல நாடுகளில் காது கேளாத ஆசிரியர்கள் வேலை இழந்தனர். சைகை செய்யும் பிள்ளைகளின் கைகள் அடிபட்டன. 2010-இல் கனடாவின் வான்கூவர் நகரில் நடந்த அதே தொடர் மாநாடு, மிலான் தீர்மானங்களை நிராகரித்து வருத்தம் தெரிவித்தது. வருத்தம் தெரிவிக்க 130 ஆண்டுகள் ஆயின.

ஊமைத்துரை சிறை வைக்கப்பட்டிருந்த அதே பாளையங்கோட்டையில், 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஃபுளோரன்ஸ் ஸ்வெயின்சன் அம்மையார் காது கேளாதோர் பள்ளியை நிறுவினார். ஏறத்தாழ அதே காலத்தில் மும்பையிலும் கொல்கத்தாவிலும் பள்ளிகள் எழுந்தன. வகுப்பறையில் பேச்சுப் பயிற்சியே பொதுவாக முதன்மை பெற்றிருந்தாலும், விடுதிகளில் சைகைமொழி வளர்ந்தது. அதை ஒரு மொழியாக ஆராயும் பணி இந்தியாவில் 1970-களில்தான் தொடங்கியது. இன்றைய இமாசலப் பிரதேசத்தின் சிற்றூர் ஒன்றில் பிறந்து, 11 வயதில் செவித்திறனை இழந்து, அமெரிக்காவின் கேலடெட் கல்லூரிவரை சென்று படித்த மதன் வசிஷ்டா அப்பணியில் முன்னின்றவர்களில் ஒருவர். தில்லி, மும்பை, கொல்கத்தா, பெங்களூரு ஆகிய நகரங்களின் சைகைகளை ஒப்பிட்ட அந்த ஆய்வாளர்கள், சொற்களில் வட்டார வேறுபாடுகள் இருந்தாலும் அடிப்படையில் அவை ஒன்றோடொன்று நெருங்கிய தொடர்புடையவை என்று கண்டனர்.

மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான ஐ.நா. உடன்படிக்கையை 2007-இல் இந்தியா ஏற்றது. மொழி என்பதன் வரையறையிலேயே சைகைமொழிகளைச் சேர்க்கும் அந்த உடன்படிக்கை, காது கேளாதோர் பண்பாட்டுக்கு அங்கீகாரம் அளிக்க வேண்டும் என்றும் கூறுகிறது. 2015-இல் இந்தியச் சைகைமொழி ஆராய்ச்சி, பயிற்சி மையம் தில்லியில் நிறுவப்பட்டது. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், சைகைமொழி அறிந்த ஆசிரியர்களைப் பணியமர்த்த வலியுறுத்துகிறது. இந்தியச் சைகைமொழியைத் தரப்படுத்தும் நோக்கத்தைத் தேசியக் கல்விக் கொள்கை 2020-இல் அறிவித்தது. 2021-இல் 10,000 சொற்கள் கொண்ட அகராதி வெளியானது. பள்ளிகளில் மொழிப்பாடமாகப் பயிலவும் வழி பிறந்தது. 2023-இல் காது கேளாத வழக்குரைஞர் சாரா சன்னி, மொழிபெயர்ப்பாளர் துணையோடு உச்சநீதிமன்றத்தில் சைகைமொழியில் வாதிட்டார். இவை அனைத்தும் வரவேற்கத்தக்கவை. ஆனால், மூன்று வயதுக் குழந்தையின் வீட்டு வாசலை இவற்றில் எது எட்டியிருக்கிறது என்பதே கேள்வி.

நான் பணியாற்றிய கல்லூரியில் காது கேளாத மாணவர் ஒருவர் படித்தார். தேவை வளைகோடு ஏன் இடம்பெயர்கிறது என்பதைக் கரும்பலகையில் வரையத் தொடங்கியதுமே புரிந்துகொள்வார். விடைத்தாளில் அவருடைய வரைபடம் துல்லியமாக இருக்கும். ஆனால், அதன் கீழ் எழுதிய வாக்கியங்களில் வேற்றுமை உருபுகள் இடம் மாறிக் கிடக்கும். வினைமுற்று முன்னால் நிற்கும். அந்த வாக்கியங்களை மட்டும் படிப்பவர் அவரை மந்தமானவர் என்றே முடிவு கட்டுவார். தமிழ் அவருக்கு இரண்டாம் மொழி, அதுவும் ஒருமுறைகூடக் காதால் கேளாமல் கண்ணால் மட்டுமே கற்ற மொழி என்பதை நம் தேர்வுமுறை கணக்கில் கொள்வதில்லை. முதல் மொழியே ஏழெட்டு வயதில்தான் முழுமையாகக் கிடைத்தது என்று அவர் ஒருமுறை எழுதிக் காட்டினார். அதற்கு முந்தைய ஆண்டுகளில் வீட்டில் எல்லோரும் சிரிக்கும்போது தானும் சிரிப்பாராம்; எதற்கென்று தெரியாது.

இதைப் பொருளாதார நோக்கிலும் பார்க்க வேண்டும். ஒரே வருவாயும் ஒரே வசதியும் எல்லோருக்கும் ஒரே பயனைத் தருவதில்லை என்பது அமர்த்தியா சென் வலியுறுத்தும் கருத்து. மொழி கிடைக்காத குழந்தைக்கு இலவசப் பாடநூலும் உதவித்தொகையும் பாதிப் பயனையே தரும். அரசுப் பணிகளில் காது கேளாதோருக்கும் செவித்திறன் குறைந்தோருக்கும் ஒரு விழுக்காடு இட ஒதுக்கீடு சட்டத்தில் உள்ளது. அந்த இடத்தைப் பெறுவதற்கான தேர்வை எழுதும் மொழித்திறனை நாம் தராவிட்டால், ஒதுக்கீடு ஏட்டில் நிற்கும். மேலும், எந்த மொழியும் பேசுவோர் கூடக் கூட மதிப்பு உயரும் பொதுச்சொத்து. தொலைபேசி ஒருவரிடம் மட்டும் இருந்தால் பயனில்லை. ஊரெல்லாம் இருந்தால்தான் பயன். அதுபோலக் காது கேளாதவர் மட்டும் சைகைமொழி கற்றால் போதாது. அவருடைய தாய், ஆசிரியர், வங்கி ஊழியர், செவிலியர் ஆகியோரும் ஓரளவு கற்க வேண்டும். இத்தகைய பொதுச்சொத்தைச் சந்தை தானாக உருவாக்காது. அரசு முதலிட்டே ஆக வேண்டும்.

செவிநரம்பைத் தூண்டும் காக்ளியர் கருவி வந்துவிட்ட பிறகு சைகைமொழி எதற்கு என்று சிலர் கேட்கின்றனர். தமிழ்நாட்டில் அரசுக் காப்பீட்டின் வழியே இளங்குழந்தைகளுக்கு இந்த அறுவைச் சிகிச்சை செய்யப்படுவது பெருமைக்குரியது. அதனால் பேச்சும் கேள்வியும் பெற்ற குழந்தைகள் பலர். ஆனால், கருவி பொருத்தியவுடன் காது முழுமையாகக் கேட்டுவிடாது. நீண்ட பயிற்சி வேண்டும். கருவியின் உதிரிபாகங்களுக்கும் பராமரிப்புக்கும் குடும்பம் செலவிட வேண்டும். பலனும் குழந்தைக்குக் குழந்தை வேறுபடும். பேச்சு வருமா என்று காத்திருக்கும் ஆண்டுகளில் மூளையின் மொழிப்பருவம் காத்திருப்பதில்லை. சைகை கற்றால் பேச்சு வராது என்ற அச்சத்துக்கு உறுதியான ஆதாரம் இல்லை. முதலில் ஒரு மொழி வேரூன்றினால், அடுத்த மொழிக்கு அது தளமாகும். கருவியா, சைகையா என்று பெற்றோரைத் தேர்வு செய்யச் சொல்வதே தவறு. இரண்டையும் சேர்த்துக் கொடுக்கலாம். கருவி பயன்தராமல் போனாலும், அந்தக் குழந்தை மொழியில்லாமல் நிற்காது.

எனவே, தமிழ்நாடு செய்யக்கூடிய சில பணிகள் தெளிவாகவே உள்ளன. காது கேளாமை கண்டறியப்பட்ட நாளிலேயே, மருத்துவக் குறிப்போடு சேர்த்துக் குடும்பத்துக்குச் சைகைமொழிப் பயிற்சியும் தொடங்க வேண்டும். மாவட்டங்களில் உள்ள ஆரம்பநிலைப் பயிற்சி மையங்களில் காது கேளாத பெரியவர்களையே பயிற்றுநராக அமர்த்தலாம். அம்மொழியை அவர்களைவிட நன்கு அறிந்தவர் எவருமிலர். தன் பிள்ளை வளர்ந்தால் எப்படி இருப்பான் என்று கலங்கும் தாய்க்கு, நன்கு வாழும் ஒருவரைக் கண்முன்னே காண்பதைவிடப் பெரிய ஆறுதல் ஏது? காது கேளாதோர் பள்ளிகளில் ஆசிரியப் பணிக்குச் சைகைமொழித் தேர்ச்சி கட்டாயமாக்கப்பட வேண்டும். ஒருங்கிணைந்த கல்வி என்ற பெயரில் நாற்பது பேர் கொண்ட வகுப்பில் ஒரே ஒரு காது கேளாத பிள்ளையை அமர்த்திவிட்டு, அதைச் சமத்துவம் என்று கருதக் கூடாது. சில பிள்ளைகளையாவது ஒரே பள்ளியில், சைகைமொழி அறிந்த ஆசிரியரோடு சேர்த்துப் படிக்கவைப்பதே அவர்களுக்கு மொழிச் சூழலைத் தரும்.

நியூஸிலாந்து 2006-இல் தன் சைகைமொழிக்கு ஆட்சிமொழித் தகுதி அளித்தது. தென்னாப்பிரிக்கா 2023-இல் தனது 12-ஆவது ஆட்சிமொழியாக அதை ஏற்றது. இந்திய அரசியல் சட்டத்தின் எட்டாவது அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் இந்தியச் சைகைமொழி இல்லை. மொழிக்காகப் போராடி, உயிரையும் ஈந்த வரலாறு கொண்ட மாநிலம் தமிழ்நாடு. தாய்மொழியில் கற்பது ஒரு குழந்தையின் பிறப்புரிமை என்று நாட்டுக்கு உரக்கச் சொன்னவர்கள் நாம். அந்த உரிமை ஓசையுள்ள மொழிகளுக்கு மட்டும் உரியதன்று. சைகைமொழிக்கு அங்கீகாரம் கேட்டு எழும் குரல்களில் தமிழ்நாட்டின் குரல் முதன்மையாக ஒலிப்பதே பொருத்தம்.

ஆண்டுதோறும் செப்டம்பர் 23 சர்வதேசச் சைகைமொழிகள் நாளாகக் கடைப்பிடிக்கப்படுகிறது. வாழ்த்துச் செய்திகள் வெளியிடுவதோடு அந்த நாள் முடிந்துவிடக் கூடாது. ஒவ்வோர் அரசு மருத்துவமனையிலும், காவல் நிலையத்திலும், வட்டாட்சியர் அலுவலகத்திலும் 'என்ன வேண்டும்?' என்று கைகளால் கேட்கத் தெரிந்த ஒருவரேனும் இருக்கிறாரா என்று அன்று கணக்கெடுக்கலாம். இல்லாத இடங்களில் மறுநாளே பயிற்சியைத் தொடங்கலாம்.

கட்டுரையாளர்: பொருளாதாரப் பேராசிரியர் (ஓய்வு).